சங்கராபரணியும் அதன் துணையாறுகளும்

புதுச்சேரியில் மழையே இல்லாத நாளிலும் வில்லியனூர்ப் பக்கம் வெள்ளம் வரலாம். இது எப்படி? விடை காண நாம் மேற்கே, செஞ்சி மலைகளுக்குச் செல்ல வேண்டும்.

செஞ்சிக் குன்றுகள் பெரும்பாலும் வெறும் பாறைகள். பெய்யும் மழையை உறிஞ்சிக்கொள்ள அங்கே போதிய மண் இல்லை. ஆகவே நீர் விரைந்து கீழிறங்குகிறது. இம்மலைப் பகுதியில் பிறக்கும் ஆறே சங்கராபரணி. செஞ்சி ஆறு, வராக நதி என்பனவும் இதன் பெயர்களே. இதன் நீளம் ஏறத்தாழ 80 கி.மீ.

இது தனித்து வரும் ஆறன்று. வீடூரில் தொண்டியாறு இதனுடன் கலக்கிறது. அதற்குக் கீழே பம்பையாறு சேர்கிறது. பிறகு ஒதியம்பட்டுக்கு அருகிலுள்ள திருக்காஞ்சியைக் கடந்து, கடலை நெருங்கும்போது அரியாங்குப்பத்தாறு, சுண்ணாம்பாறு என இரண்டாகப் பிரிகிறது.

இந்த ஆற்றுமுகத்திற்கு நீண்ட வரலாறு உண்டு. அலை மோதும் நேரான கடற்கரையில் சிறு கலங்கள் ஒதுங்க இடமில்லை. அமைதியான ஆற்றுக்கழியே அவற்றுக்கு அடைக்கலம். அரியாங்குப்பத்தாற்றின் கரையிலுள்ள அரிக்கமேட்டில் 1945இல் மார்ட்டிமர் வீலர் அகழ்வு நடத்தினார். கிடைத்த ரோமானிய மட்பாண்டங்கள், ஏறத்தாழ 2,000 ஆண்டுகளுக்கு முன் நடந்த கடல் வாணிகத்திற்குச் சான்றாயின.

வாணிகத்திற்கு உதவிய ஆறு உழவுக்கும் உதவியது. சுத்துக்கேணி வாய்க்கால் வழியே இதன் வெள்ளநீர் ஊசுட்டேரிக்குச் செல்கிறது. தொண்டியாறு கலக்குமிடத்தில் 1959இல் வீடூர் அணை கட்டப்பட்டது. அதன் முழுக் கொள்ளளவு 60.5 கோடி கன அடி. அதாவது ஏறத்தாழ 1.7 கோடி கன மீட்டர்.

இனி ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு சதுர கிலோமீட்டர் நிலத்தில் 50 செ.மீ. மழை பெய்தால், விழும் நீர் 5 லட்சம் கன மீட்டர். அதில் பாதி நிலத்தில் ஊறிவிட்டது என்றே கொள்வோம். அப்படியும், 68 சதுர கிலோமீட்டரில் வழிந்தோடும் நீரே காலியான வீடூர் அணையை முழுவதும் நிரப்பப் போதும். ஆற்றின் நீர்ப்பிடிப்புப் பரப்போ இதைப்போல் பல மடங்கு!

இது வெறும் ஏட்டுக் கணக்கன்று. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரை கடந்தது. மயிலத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 50 செ.மீ. மழை பெய்தது. வீடூர் அணையிலிருந்து உபரிநீர் திறந்துவிடப்பட்டது. சங்கராபரணிக் கரையோரப் பகுதிகள் வெள்ளத்தில் மூழ்கின.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். துணையாறுகளின் வெள்ளம் ஒன்றன்பின் ஒன்றாக வந்தால் ஆறு தாங்கிக்கொள்ளும். ஒரே நேரத்தில் வந்தால் அவற்றின் அளவுகள் கூடி, கரை மீறும். அணைக்குக் கீழே சேரும் பம்பையாற்றையோ அணையால் தடுக்க இயலாது.

அப்படியானால் வழி என்ன? ஏரியும் வாய்க்காலும் பாசனத்திற்கு மட்டும் உரியவை அல்ல. ஒவ்வோர் ஏரியும் வெள்ளத்தின் ஒரு பகுதியைப் பிடித்துவைத்துச் சில மணி நேரமாவது தாமதப்படுத்துகிறது. அந்தச் சில மணி நேரமே துணையாறுகளின் வெள்ளம் ஒன்றுகூடாமல் காக்கக்கூடும். தூர்ந்துபோன வாய்க்காலும் ஆக்கிரமிக்கப்பட்ட ஏரியும் அந்த நேரத்தை நம்மிடமிருந்து பறித்துவிடுகின்றன. ஆற்றங்கரையில் வாழும் நாம், மழைக்காலத்தில் நம் ஊர் வானத்தை மட்டுமல்ல, செஞ்சி, மயிலம் பகுதிகளின் மழையளவையும் அறிந்துகொள்வது அவசியம்.