பாத்திரத்தில் ஒட்டிய பிளாஸ்டிக்

கோட்டைகள் இடிந்ததையும் கப்பல்கள் கவிழ்ந்ததையும் எழுதிவைத்த வரலாற்று ஆசிரியர்கள், தோசைக்கல்லின்மேல் பால் கவர் விழுந்து உருகியதை எழுதிவைப்பதில்லை. ஆயினும் இல்லந்தோறும் நிகழும் நிகழ்ச்சி அது. குக்கரின் பக்கத்தில் வைத்த பிளாஸ்டிக் கரண்டி இளகி ஒட்டிக்கொள்கிறது. இஸ்திரிப் பெட்டியின் அடியில் பாலிதீன் உறை பற்றிக்கொள்கிறது. ஒட்டியதை எடுப்பது எப்படி என்று இல்லத்தரசி திகைக்கிறாள். அவளுக்கு முன்பே அவ்வாறு திகைத்தவர்கள் உலகப் புகழ்பெற்ற இரசாயன அறிஞர்கள் என்பதை நேயர்களுக்கு இன்று எடுத்துரைக்க விரும்புகிறேன்.

சூட்டில் இளகிக் குளிரில் இறுகும் பொருள் நமக்குப் புதியதன்று. அரக்கு அத்தகையதே. அரக்குப் பூச்சி மரக்கிளைகளில் கசியவிடும் பிசினிலிருந்து அதனை எடுக்கிறோம். கடிதங்களுக்கு முத்திரையிட்டதும், கத்தியின் வாலை மரப்பிடிக்குள் பொருத்தியதும் அதனால்தான். பாண்டவர்களுக்காகக் கட்டப்பட்ட அரக்கு மாளிகையைப் பாரதக் கதை கேட்ட சிறுவரும் அறிவர். ஒரு காலத்தில் வானொலி நிலையங்கள் சுழலவிட்ட 78 சுற்று இசைத்தட்டுகளும் அரக்குக் கலந்து செய்யப்பட்டவையே. வெயிலில் வைத்தால் அவை வளைந்துவிடும். அரக்கு எதில் கரையும், எப்போது இளகும் என்பது தச்சனுக்கும் தட்டானுக்கும் தெரிந்திருந்தது. அப்பொருளோடு அதைக் கையாளும் அறிவும் தலைமுறை தலைமுறையாக வந்தது.

இனி ஐரோப்பாவுக்குச் செல்வோம். 1872-ஆம் ஆண்டு ஜெர்மானிய அறிஞர் அடால்ஃப் வான் பேயர், பீனால் வகைப் பொருள்களையும் ஆல்டிஹைடுகளையும் சேர்த்து ஆராய்ந்தார். கண்ணாடிக் கலத்தில் எஞ்சியது பிசின் போன்றதொரு பொருள். சாயப் பொருள்களை நாடிய அவருக்கு அதனால் பயன் ஏதும் இல்லை. அவருக்குப் பின் வந்தவர்களுக்கும் அது கலத்தைப் பாழாக்கும் கறையாகவே தோன்றியது.

பெல்ஜியத்தில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய லியோ பேக்லண்ட் என்பவர் அக்கறையை வேறு கண்ணுடன் நோக்கினார். மின்சாரத் தொழில் வளர்ந்துவந்த காலம் அது. கம்பிகளுக்குக் காப்பாகப் பூசுவதற்கு இந்தியாவிலிருந்து சென்ற அரக்கு பெரிதும் வேண்டப்பட்டது. அரக்குக்கு ஈடான செயற்கைப் பொருள் ஒன்றைக் காண முயன்ற பேக்லண்ட், முதலில் அந்தப் பிசினைக் கரைக்கும் திரவத்தைத் தேடினார். இறுகிய பின் அது எதிலும் கரையவில்லை. கரையாத பொருளுக்கும் ஒரு பயன் இருக்க வேண்டுமே என்று எண்ணி, அதை அச்சில் இட்டு வெப்பமும் அழுத்தமும் தந்து வார்த்தார். 1907-இல் உருவான அப்பொருளே பேக்லைட். 1909-இல் அவர் அதை அறிஞர் அவையில் அறிவித்தார். பழைய ரேடியோப் பெட்டிகளின் கூடும் மின்விசைகளின் மூடியும் அதனால் செய்யப்பட்டன. ஒருமுறை இறுகிய பேக்லைட் மறுபடி உருகாது; மிகுந்த சூட்டில் கருகும். குக்கரின் கைப்பிடிக்கு அவ்வினத்தைத் தேர்ந்தெடுத்த காரணமும் இதுவே.

பாலிதீனின் பிறப்பும் ஒரு கலத்தினுள்தான் நிகழ்ந்தது. 1933 மார்ச் மாதம் இங்கிலாந்தில் வின்னிங்டன் என்னும் ஊரிலிருந்த ஐ.சி.ஐ. ஆய்வுக்கூடத்தில் ஃபாசெட், கிப்ஸன் என்னும் இருவர், எதிலீன் வாயுவையும் பென்ஸால்டிஹைடையும் பேரழுத்தத்தில் அடைத்து வைத்தனர். திறந்து பார்த்தபோது உள்ளே வெண்ணிற மெழுகு போன்ற பொருள் சிறிது படிந்திருந்தது. இரண்டாம் உலகப் போரில் அது ரேடார்க் கருவிகளின் கம்பிகளுக்குக் காப்பாயிற்று. போர் முடிந்ததும் வீட்டுப் பொருளாயிற்று. 1954-இல் இத்தாலிய அறிஞர் ஜூலியோ நாட்டா பாலிபுரொப்பிலீனை உருவாக்கினார். அவருக்கும் ஜெர்மானியர் கார்ல் ஸீக்லருக்கும் 1963-இல் நோபல் பரிசு பகிர்ந்தளிக்கப்பட்டது.

இவ்வாறு பிளாஸ்டிக்கில் இரண்டு இனங்கள் உண்டாயின: வெப்பத்தால் இறுகுவது ஒன்று, வெப்பத்தால் இளகுவது மற்றொன்று. தோசைக்கல்லில் ஒட்டிக்கொள்வது இரண்டாம் இனம். பால் கவருக்குரிய மெல்லிய பாலிதீன் ஏறத்தாழ 110 பாகை செல்சியஸில் உருகும். பாலிபுரொப்பிலீன் ஏறத்தாழ 160 பாகையில் உருகும். நீர் கொதிப்பது 100 பாகையில். நன்கு காய்ந்த தோசைக்கல்லோ 200 பாகையைத் தொடக்கூடியது. வெந்நீரைத் தாங்கிய பிளாஸ்டிக், தோசைக்கல்லிலும் தாங்கும் என்று எண்ணுவதற்கு இடமில்லை.

ஆனால் அரக்குடன் வந்த அறிவு பாலிதீனுடன் வரவில்லை. கடையில் பொருளைக் கொடுத்தவர் அதன் குணத்தைச் சொல்லிக் கொடுக்கவில்லை. ஆகவே, “நெருப்பில் ஒட்டியது நெருப்பிலேயே போகட்டும்” என்று அடுப்பைப் பெரிதாக்கி எரித்துவிடும் வழக்கம் பல வீடுகளில் நுழைந்தது. நான் அஞ்சுவது இதைத்தான். எரியும் பிளாஸ்டிக்கின் புகை கண்ணையும் நுரையீரலையும் வருத்தும். பி.வி.சி. இனமாயின் ஹைட்ரஜன் குளோரைடு என்னும் அமில வாயு வெளிப்படும். சன்னலில்லாத சிறு சமையலறையில் அதைச் சுவாசிப்பவர், அடுப்பருகே நிற்கும் தாயும் அவள் இடுப்பிலுள்ள குழந்தையும் அல்லவா? வேறு சிலர் மண்ணெண்ணெயையும் நகப்பூச்சு நீக்கும் அசிட்டோனையும் நாடுவர். அசிட்டோன் சிலவகைப் பிளாஸ்டிக்குகளைக் கரைக்குமேயன்றி, பாலிதீனையும் பாலிபுரொப்பிலீனையும் கரைக்காது. இரண்டுமே எளிதில் தீப்பற்றுபவை. அடுப்பருகே அவற்றுக்கு இடமில்லை.

நெருப்புச் செய்யாததைக் குளிர் செய்யும். குளிரும்போது பெரும்பாலான பொருள்கள் சுருங்கும். ஆனால் பாலிதீன், இரும்பைப் போல ஏறத்தாழப் பத்து மடங்கு சுருங்குகிறது. கல் சிறிதளவே சுருங்க, அதன்மேல் ஒட்டிய படலம் மிகுதியாகச் சுருங்கினால் பிடி தளரும். பாலிபுரொப்பிலீனோ பனிக்கட்டியின் குளிரில் நொறுங்கும் தன்மையும் பெறும். எனவே அடுப்பை அணைத்து, சன்னலைத் திறந்து, பாத்திரம் தானாக ஆறும்வரை பொறுத்திருக்க வேண்டும். சுடுகின்ற வார்ப்பிரும்பிலும் கண்ணாடியிலும் தண்ணீர் ஊற்றினால் அவை விரிசல் காணும். ஆறிய பின் அப்பாத்திரத்தைக் குளிர்சாதனப் பெட்டியின் உறைபனி அறையில் ஓரிரு மணி நேரம் வைக்கலாம். பெட்டி இல்லாத வீட்டிலும், தூக்கி வைக்க முடியாத அடுப்பு மேடையிலும், பனிக்கட்டியைத் துணியில் முடிந்து கறையின்மேல் வைத்தால் போதும். பிறகு மரக்கரண்டியின் விளிம்பாலோ கொட்டாங்கச்சியின் விளிம்பாலோ நெம்பினால் பெரும்பகுதி பெயர்ந்து வரும். எஞ்சிய மெல்லிய படலத்தைச் சமையல் சோடாவைக் குழைத்துத் தேய்த்து நீக்கலாம். இரும்புக் கல்லாயின் கறை முற்றும் போன பின்னரே அடுப்பில் ஏற்றி, எண்ணெய் தடவிப் பழக்க வேண்டும்.

சில பொருள்களுக்குத் தனி முறை வேண்டும். இஸ்திரிப் பெட்டியில் ஒட்டியது குளிரில் பெயராவிடில், இலேசாகச் சூடாக்கி, இளகியதும் மின் இணைப்பை நீக்கிவிட்டு, தடித்த பருத்தித் துணியால் துடைத்தெடுக்கலாம். சலவைச் சோடா அலுமினியத்தை அரிக்கும். அதனை அங்கே பயன்படுத்தலாகாது. ஒட்டாத பூச்சுள்ள வாணலியைச் சுரண்டினால் பூச்சும் உரிந்துவரும். அவ்வாறு உரிந்ததை மீண்டும் அடுப்பில் ஏற்றாமல் விடுவதே நன்று.

தமிழகத்தில் 2019-ஆம் ஆண்டு சனவரி முதல் நாள் தொட்டு, ஒருமுறை பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக் பொருள்களுக்குத் தடை விதிக்கப்பட்டது. பால் உறைக்கு அத்தடையில் விலக்கு அளிக்கப்பட்டது. ஆகவே தோசைக்கல்லுக்கு அருகே அது இன்னும் சில காலம் இருக்கத்தான் போகிறது. இருக்கும்வரை அதன் குணத்தை அறிந்திருப்பது நம் கடமை. எதிலும் எளிதில் கரையாமை என்ற குணத்தால் இப்பொருள்கள் உலகை ஆண்டன. அக்குணத்தாலேயே மண்ணிலும் கடலிலும் அழியாமல் கிடக்கின்றன. தோசைக்கல்லிலிருந்து பெயர்த்தெடுத்த அச்சிறு துண்டைத் திரும்பவும் அடுப்பில் இடாமலும் வாய்க்காலில் வீசாமலும் குப்பையில் பிரித்துச் சேர்ப்பதோடுதான் அந்த வேலை முடிகிறது.