பொத்தான் காப்பாற்றிய பண்ணையார்

1885 அக்டோபர் 21. கோபன்ஹேகனில் தன் வீட்டு வாசலை நெருங்கிய அறுபது வயதுப் பெரியவரை ஓர் இளைஞன் வழிமறித்தான். எஸ்ட்ரூப் நீங்கள்தானா என்று கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டு சுட்டான். முதல் குண்டு மேலங்கிப் பொத்தானில் பட்டு வலுவிழந்தது. இரண்டாவது குறி தப்பியது. சுட்டவன் பெயர் யூலியுஸ் ராஸ்முசன். அச்சுக்கோக்கும் தொழிலாளி, வயது 19. ஓட்டுப் போடும் வயதுகூட ஆகாதவன்.

பொத்தானுக்குப் பின்னால் இருந்த மனிதர் டென்மார்க்கின் பிரதமர் யாகோப் எஸ்ட்ரூப். பிரதமர் என்பதைவிடப் பண்ணையார் என்பதே பொருந்தும். 1825-ல் பிறந்தவர். நம் தரங்கம்பாடியை டேனிஷ்காரர்கள் இங்கிலீஷ் கம்பெனியிடம் விற்றுவிட்டுப் போனபோது அவருக்கு இருபது வயது. 1852-ல் ஜட்லாந்தில் ஸ்காஃபோகோர் என்ற பெரும்பண்ணையை வாங்கினார். நிலத்தைத் திறமையாக நிர்வகித்தவர் என்று பேர். உள்துறை அமைச்சராக இருந்தபோது ஜட்லாந்துக்கு ரயில் பாதைகளைக் கொண்டுபோனதிலும் அவர் பங்கு பெரிது. அதுவரை கதை நன்றாகத்தான் போகிறது.

1875-ல் பிரதமரானார். டென்மார்க் நாடாளுமன்றத்தில் இரண்டு சபைகள். கீழ்ச்சபையில் குடியானவர் கட்சியான வென்ஸ்ட்ரேவுக்குப் பெரும்பான்மை. மேல்சபையோ 1866-ல் திருத்திய சட்டத்தின்படி பெரும் நிலக்காரர்கள், அதிக வரி கட்டுபவர்களின் கையில். 66 பேரில் 12 பேரை அரசரே நியமிப்பார். 1884 தேர்தலில் கீழ்ச்சபையின் 102 இடங்களில் எஸ்ட்ரூப்பின் கட்சிக்குக் கிடைத்தவை வெறும் 19. மனிதர் அசையவில்லை. மக்கள் எண்ணியதை அவர் எண்ணவில்லை. அரசர் ஒன்பதாம் கிறிஸ்டியன் தன் பக்கம் இருக்கிறார், அது போதும்.

பட்ஜெட்டைக் கீழ்ச்சபை ஏற்காது. அப்படியானால் சபையையே வீட்டுக்கு அனுப்பிவிடுவோம். சபை கூடாத சமயத்தில், அவசரத் தேவைக்கு, அரசர் தற்காலிகச் சட்டம் போடலாம் என்று அரசியல் சட்டத்தில் ஒரு பிரிவு இருந்தது. 1877-ல் அதை முதல் முறை எடுத்தார். 1885-லிருந்து வருஷா வருஷம் பட்ஜெட்டே அவசரச் சட்டம்தான். இதைப் படிக்கும்போது எனக்கு பீகார்தான் ஞாபகம் வருகிறது: 1967-க்கும் 1981-க்கும் இடையில் அங்கே 256 அவசரச் சட்டங்கள். ஒரு பேராசிரியர் வழக்குப் போட, 1986-ல் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. எஸ்ட்ரூப்பை அப்படிக் கண்டிக்க யாரும் இல்லை.

இப்படி எடுத்த பணத்தில் பெரும் தொகை கோபன்ஹேகனைச் சுற்றிக் கோட்டை கட்டப் போனது. 1864 போரில் டென்மார்க் பிரஷ்யாவிடம் நிலத்தை இழந்ததால் வந்த பயம் அவருக்கு உண்மையாகவே இருந்தது. அதை மறுக்க முடியாது. ஆனால் கட்டிய கோட்டை எந்தப் போரையும் பார்க்காமலே பழசாகிப்போனது. அதன் மேற்கு மதில்மேல் இன்று ஜனங்கள் சைக்கிள் ஓட்டுகிறார்கள்.

பொத்தானில் பட்ட குண்டு அவர் கையைத்தான் பலப்படுத்தியது. அடுத்த சில நாட்களில் புது அவசரச் சட்டங்கள்: ஊரூராக வெளிர்நீல உடுப்பில் ஆயுதக் காவல் படை, பத்திரிகைகளுக்குக் கடும் தண்டனை. எதிர்க்கட்சித் தலைவர் கிறிஸ்டன் பெர்க் ஆறு மாதம் சிறையில் இருந்தார்.

குடியானவர்கள் என்ன செய்தார்கள்? பாலைக் கொண்டுபோய் ஓரிடத்தில் ஊற்றினார்கள். 1882-ல் மேற்கு ஜட்லாந்தின் யெடிங் கிராமத்தில் முதல் கூட்டுறவுப் பால் பண்ணை தொடங்கியது. பாலேட்டைப் பிரிக்கும் புது இயந்திரத்தைத் தனியாள் வாங்க முடியாது, சேர்ந்து வாங்கினார்கள். எத்தனை மாடு வைத்திருந்தாலும் ஆளுக்கு ஒரே ஓட்டு என்பது கூட்டுறவுகளின் வழக்கமானது. பத்து ஆண்டுகளில் நாடெங்கும் நூற்றுக்கணக்கான பண்ணைகள். வெண்ணெய் இங்கிலாந்துக்குக் கப்பலேறியது. மேல்சபையில் ஏக்கர் கணக்கில் நடந்த ஆட்சிக்கு, பால் பண்ணைக் கூட்டத்தில் தலைக்கணக்கில் பதில் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

1894-ல் இரு தரப்பு மிதவாதிகளும் சமரசம் பேசினார்கள், எஸ்ட்ரூப் விலகினார். 1901-ல் வென்ஸ்ட்ரே ஆட்சிக்கு வந்தது. 1913 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள், காங்ஸ்டால் மாளிகையில், 88 வயதில் எஸ்ட்ரூப் இறந்தார். இரண்டே ஆண்டில் வந்த புது அரசியல் சட்டம் மேல்சபையில் பணக்காரர்களுக்கு இருந்த சலுகையை நீக்கியது. பெண்களுக்கும், பண்ணைகளில் தங்கி வேலை பார்த்த ஆட்களுக்கும் ஓட்டு கொடுத்தது.