ஹியூஸ், மார்க் ரெனால்ட்ஸ்

மார்க் ரெனால்ட்ஸ் ஹியூஸ் (1 சனவரி 1956 – 21 மே 2000) அமெரிக்கத் தொழில்முனைவர். ஹெர்பலைஃப் என்னும் எடைக் குறைப்பு ஊட்டப்பொருள் நிறுவனத்தைத் தொடங்கியவர். பள்ளிப் படிப்பை ஒன்பதாம் வகுப்போடு நிறுத்தியவர். 24ஆம் வயதில் தொடங்கிய நிறுவனத்தின் ஆண்டு விற்பனையை ஐந்தே ஆண்டுகளில் 42 கோடி டாலருக்கு மேல் கொண்டுசென்றார். சத்துமாவு விற்றவர் என்றே பெயர் பெற்றாலும், அவர் திறமையாக விற்றது மாவை விற்கும் வாய்ப்பைத்தான். ஆள் சேர்த்து விற்கும் முறை அவருக்கு முன்பே கலிபோர்னியாவில் வேரூன்றியிருந்தது.

முன்வரலாறு

ஊட்டப்பொருளையும் ஆள் சேர்ப்பையும் முதலில் இணைத்தது நியூட்ரிலைட் நிறுவனம். அதன் நிறுவனர் கார்ல் ரென்போர்க் சீனாவில் பணிபுரிந்தபோது, உணவில் கீரையும் பச்சைத் தாவரமும் குறைந்தவர்கள் நோய்வாய்ப்படுவதைக் கண்டு அதில் ஆர்வம் கொண்டவர். நாடு திரும்பியபின் 1934இல் கலிபோர்னியா வைட்டமின்ஸ் என்ற பெயரில் தொழில் தொடங்கினார். 1939இல் அது நியூட்ரிலைட் ஆயிற்று. 1945இல் மைட்டிங்கர், காசல்பெரி என்ற இருவர் அதன் விற்பனை உரிமையைப் பெற்றுப் புதிய திட்டம் ஒன்றைக் கொண்டுவந்தனர். விற்பவர் தம் விற்பனைக்கு மட்டுமன்றித் தாம் சேர்த்துவிட்டவர்களின் விற்பனைக்கும் பங்கு பெறலாம் என்பது அதன் சாரம். மேலே இருப்பவர் அப்லைன், கீழே சேர்ந்தவர் டவுன்லைன் என்று இன்று வழங்கும் உறவு இதிலிருந்து கிளைத்தது. நியூட்ரிலைட்டில் 1949இல் விற்பனையாளர்களாகச் சேர்ந்த ரிச்சர்ட் டிவோஸும் ஜே வான் ஆண்டலும் பத்தாண்டுக்குப்பின் ஆம்வே நிறுவனத்தைத் தொடங்கினர். 1972இல் நியூட்ரிலைட்டையே வாங்கினர்.

1970களில் இத்தகைய நிறுவனங்கள்மீது அமெரிக்கக் கூட்டாட்சி வணிக ஆணையம் தொடர்ந்து வழக்குத் தொடுத்தது. 1975இல் காஸ்காட் என்ற அழகுப்பொருள் நிறுவனத்தின் வழக்கில், பொருள் விற்பனையோடு தொடர்பின்றி ஆள் சேர்ப்புக்கே பணம் கிடைக்கும் திட்டம் பிரமிட் மோசடி என்று ஆணையம் வரையறுத்தது. ஆனால் 1979இல் ஆம்வே வழக்கில் தீர்ப்பு வேறுவகையாக அமைந்தது. விற்காத சரக்கைத் திரும்ப எடுத்துக்கொள்வது, வாங்கிய சரக்கில் 70 விழுக்காட்டையாவது விற்ற பிறகே மறுபடி வாங்குவது, மாதம் பத்து வாடிக்கையாளருக்காவது நேரில் விற்பது ஆகிய விதிகளைக் காட்டி ஆம்வே தப்பியது. எந்தக் கோட்டைத் தாண்டாமல் இத்தொழிலை நடத்தலாம் என்பதை எதிர்காலத் தொழில்முனைவர்களுக்குத் தெளிவாகக் காட்டிக்கொடுத்தது அந்தத் தீர்ப்பு. ஹெர்பலைஃப் தொடங்கியது அதற்கு அடுத்த ஆண்டில். 70 விழுக்காட்டு விதியும் பத்து வாடிக்கையாளர் விதியும் அதன் விதிப்புத்தகத்திலும் இடம்பெற்றன.

எடைக் குறைப்புச் சந்தையிலும் அப்போது ஓர் இடைவெளி வாய்த்திருந்தது. 1976இல் திரவப் புரதத்தை மட்டுமே குடித்து எடை குறைக்கும் முறை பரவியது. அதைப் பின்பற்றியவர்களில் ஐம்பதுக்கும் மேற்பட்டோர் இறந்த செய்தி அமெரிக்க உணவு மருந்து நிர்வாகத்தின் கவனத்துக்கு வந்ததும் அந்தச் சந்தை சரிந்தது. அதன்பின் வந்தவை வேளை உணவுக்கு மாற்றான தூள்கள். 1977இல் வந்த ஸ்லிம்ஃபாஸ்ட், கடைகளின் வழியே விற்றது. மற்றவை வீட்டுக் கதவைத் தட்டின.

இளமை

ஹியூஸ் தெற்குக் கலிபோர்னியாவில் வளர்ந்தவர். பெற்றோர் பிரிந்த பிறகு போதைப் பழக்கத்துக்கு ஆளாகி, பதின்மப் பருவத்தில் ரன்னிங் ஸ்பிரிங்ஸ் என்ற மலையூரில் இருந்த சீடு என்னும் சீர்திருத்தப் பள்ளியில் சேர்க்கப்பட்டார். 1967இல் மெல் வாசர்மன் நிறுவிய இப்பள்ளி, சினனான் என்ற போதை மீட்பு இயக்கத்தின் முறைகளைத் தழுவியது. மாணவர்கள் வட்டமாக உட்கார்ந்து, தம் குறைகளைப் பலர் முன் சொல்லி, பிறரின் கடுமையான விமர்சனத்தைத் தாங்க வேண்டும். பள்ளிக்காக வெளியே சென்று நிதி திரட்டும் வேலையும் மாணவர்களுக்கு இருந்தது. இதில் ஹியூஸ் சிறந்து விளங்கினார். அந்நியரிடம் தயக்கமின்றிப் பேசவும் தன் கதையைத் தானே எடுத்துச் சொல்லவும் அங்கே பழகினார். பிற்காலத்தில் ஹெர்பலைஃப் கூட்டங்களில் ஒவ்வொருவரும் எழுந்து தம் உடம்பும் வருமானமும் மாறிய கதையைச் சொல்லும் வழக்கத்துக்கு, எந்த வணிகப் பள்ளியையும்விட இப்பள்ளியே நெருங்கிய முன்னோடி.

1975இல், ஹியூஸுக்கு 19 வயதானபோது, தாய் இறந்தார். அவருடைய வணிக வாழ்வின் மூலக்கதை இதுதான். தவறான வழியில் எடை குறைக்க முயன்று, மாத்திரைகளுக்கு அடிமையாகித் தாய் இறந்ததாகவும், பாதுகாப்பான வழி ஒன்றை உலகுக்குத் தர அன்றே உறுதி பூண்டதாகவும் அவர் மேடைதோறும் சொன்னார். மரண விசாரணைப் பதிவில் இருப்பதோ டார்வான் என்ற வலிநிவாரணியின் மிகையளவு. மேடைக்கு வந்தது விற்பனைக்கு ஏற்ற பகுதி மட்டுமே.

1976இல் செஃபோர்த் லேபரட்டரீஸ் நிறுவனத்தின் ஸ்லெண்டர் நவ் என்ற உணவுத் தூளை விற்கத் தொடங்கிய ஹியூஸ், விரைவில் அதன் முன்னணி விற்பனையாளர்களில் ஒருவரானார். அந்நிறுவனம் நொடித்தபின் கோல்டன் யூத் என்ற நிறுவனத்துக்கு மாறினார். அதுவும் 1979இல் மூடப்பட்டது. மேலே இருக்கும் நிறுவனம் விழுந்தால் கீழே கட்டிய டவுன்லைன் முழுவதும் ஒரே நாளில் கலைந்துவிடும் என்பதை இருமுறை அனுபவித்தவர், மூன்றாம் முறை தாமே நிறுவனமாகிவிட முடிவுசெய்தார்.

ஹெர்பலைஃப்

1980 பிப்ரவரியில் லாஸ் ஏஞ்சல்சில் ஹெர்பலைஃப் தொடங்கப்பட்டது. தூளைத் தயாரித்துத் தந்தவர் ரிச்சர்ட் மார்கோனி. கார் டிக்கியில் சரக்கை அடுக்கிக்கொண்டு ஹியூஸே தெருத்தெருவாக விற்றதாக நிறுவனத்தின் வரலாறு சொல்லும். முதன்மைப் பொருள் ஃபார்முலா 1. சோயாப் புரதத்தோடு வைட்டமின்களும் தாதுக்களும் சேர்த்த மாவு. பாலில் கலக்கி ஷேக்காக, ஒரு நாளில் இரு வேளை உணவுக்குப் பதிலாகக் குடிக்க வேண்டும். மூன்றாம் வேளை வழக்கமான சாப்பாடு. இவற்றோடு மூலிகை மாத்திரைகளும் சேர்ந்தன. இரு வேளை உணவை நிறுத்தினால் எந்த மாவைக் குடித்தாலும் எடை குறையத்தான் செய்யும். ஆயினும் பெருமை மூலிகைகளுக்கே போனது. பெயரிலும் அவையே இடம்பெற்றன.

எடையைக் குறைக்க வேண்டுமானால் என்னைக் கேளுங்கள் என்று சொல்லும் வட்ட வில்லையை ஒவ்வொரு விற்பனையாளரும் சட்டையில் குத்திக்கொண்டார். விளம்பரச் செலவில்லாத விளம்பரம் அது. இதனுடன் கேபிள் தொலைக்காட்சியில் நீண்ட நிகழ்ச்சிகள் ஒளிபரப்பாயின. அவற்றில் மருத்துவர்களைவிட எடை குறைந்த சாதாரண மனிதர்களே அதிகம் பேசினர். சுயமுன்னேற்றப் பேச்சாளர் ஜிம் ரோன் ஹியூஸுக்கு வழிகாட்டியாக இருந்தார். பல்லாயிரம் பேர் கூடிய அரங்குகளில் கோட்டும் டையுமாக, நேர்த்தியாக வாரிய தலையோடு தோன்றிய இளைஞர் ஹியூஸை, கூட்டத்தினர் சமயப் பேச்சாளரைப் போலவே வரவேற்றனர்.

விற்பனைப் படிநிலைகள்

ஹெர்பலைஃபின் ஊதியத் திட்டம் இத்துறையில் பலராலும் பின்பற்றப்பட்டது. பின்னர் ஒழுங்குபெற்ற வடிவில், புதிதாகச் சேர்பவர் விநியோகஸ்தர்; அவருக்குச் சில்லறை விலையில் 25 விழுக்காடு தள்ளுபடி. வாங்கும் அளவு கூடக்கூடத் தள்ளுபடி 35, 42 என உயர்ந்து, சூப்பர்வைசர் நிலையில் 50 விழுக்காடு ஆகும். ஒரே மாதத்தில் 4,000 கொள்முதல் புள்ளிகளை எட்டுவது இந்நிலைக்கான நேர்வழி. புள்ளி என்பது ஒவ்வொரு பொருளுக்கும் நிறுவனம் குறித்துள்ள மதிப்பு. ஏறத்தாழ டாலர் கணக்கோடு ஒட்டியது.

வருமானம் மூன்று வழிகளில் வரும். முதலாவது நேரடி விற்பனை இலாபம். இரண்டாவது தள்ளுபடி வேறுபாடு: நூறு டாலர் பொருளைச் சூப்பர்வைசர் 50 டாலருக்குப் பெறுகிறார், அவருக்குக் கீழுள்ள புதியவர் அதே பொருளை 75 டாலருக்கு வாங்கினால் இடையிலுள்ள 25 டாலர் சூப்பர்வைசருக்கு. மூன்றாவது ராயல்டி: தமக்குக் கீழ் மூன்று அடுக்கு வரையுள்ள சூப்பர்வைசர்களின் விற்பனையில் 5 விழுக்காடு வரை. இவற்றுக்கும் மேல் வேர்ல்ட் டீம், குளோபல் எக்ஸ்பான்ஷன் டீம், மில்லியனர் டீம், பிரெசிடெண்ட்ஸ் டீம் எனப் பட்டங்கள் ஏறும். உச்சத்தில் இருப்பவர்களுக்குக் கூடுதலாக 7 விழுக்காடு வரை போனஸ் உண்டு. இவற்றையெல்லாம் கூட்டினால் சில்லறை விலையில் எழுபது விழுக்காட்டுக்கு மேல் விற்பனைச் சங்கிலிக்கே போய்விடுகிறது. மாவைத் தயாரிக்க, அனுப்ப, நிறுவனத்தை நடத்த, இலாபம் காண எஞ்சுவது மீதிப் பணம்தான். பொருளின் விலை ஏன் அவ்வளவு என்பதற்கு இதுவே விடை. சூப்பர்வைசர் ஆவதற்காகப் பெருமளவு சரக்கை மொத்தமாக வாங்கிக் குவித்துவிட்டு விற்க முடியாமல் நின்றவர்களின் குறைகளும் இத்திட்டத்திலிருந்தே பிறந்தன.

1985ஆம் ஆண்டு

ஐந்தாண்டுகளில் விற்பனை 3,86,000 டாலரிலிருந்து 42.3 கோடி டாலராக வளர்ந்தது. விரைவாக வளரும் தனியார் நிறுவனங்களின் பட்டியலில் இன்க் இதழ் ஹெர்பலைஃபைச் சேர்த்தது. புகார்களும் அதே வேகத்தில் வந்தன. கனடா அரசு, மருத்துவக் குணம் உண்டென்று பொய்யாக விளம்பரம் செய்ததாக 24 குற்றச்சாட்டுகளைச் சுமத்தியது. மாத்திரைகளில் இருந்த மாண்ட்ரேக், போக் வேர் ஆகியவை உண்ணத் தகாதவை என்று உணவு மருந்து நிர்வாகம் கூறியதும் அவை நீக்கப்பட்டன. 1985 மார்ச்சில் கலிபோர்னியாவின் தலைமை வழக்கறிஞர், மிகைப்படுத்திய விளம்பரத்துக்காகவும் முறையற்ற விற்பனைத் திட்டத்துக்காகவும் வழக்குத் தொடுத்தார்.

அதே ஆண்டு மே மாதம் வில்லியம் ராத் தலைமையிலான செனட் புலனாய்வுத் துணைக்குழு எடைக் குறைப்புப் பொருள்களைப் பற்றி விசாரித்தது. ஊட்டவியல் வல்லுநர்கள் ஹெர்பலைஃபின் உரிமைகோரல்களைக் குறைகூறினர். சாட்சி சொல்ல வந்த ஹியூஸ், இவர்கள் எடைக் குறைப்பில் அவ்வளவு கெட்டிக்காரர்கள் என்றால் ஏன் இப்படிக் குண்டாக இருக்கிறார்கள் என்று திருப்பிக் கேட்டார். அவருடைய ஆதரவாளர்கள் இதை நெடுநாள் கொண்டாடினர். ஆயினும் கேட்ட கேள்விக்கு அது விடையாகாது. சந்தைக்கும் அது தெரிந்திருந்தது. விற்பனை சரிந்து, ஏறத்தாழ 800 ஊழியர்கள் வேலை இழந்தனர். 1986இல் குற்றத்தை ஒப்புக்கொள்ளாமலே 8,50,000 டாலர் கட்டிக் கலிபோர்னியா வழக்கு முடித்துக்கொள்ளப்பட்டது.

அதே 1986இல் நிறுவனம் ஹெர்பலைஃப் இன்டர்நேஷனல் எனப் பெயர் மாற்றி, நாஸ்டாக் பங்குச் சந்தையில் இடம்பெற்றது. உள்நாட்டில் பெயர் கெட்ட நிலையில் ஹியூஸ் கண்ட வழி வெளிநாடு. ஒவ்வொரு புதிய நாட்டிலும் திறப்புவிழாவை ஒட்டி ஆள் சேர்ப்பு வேகம் பிடிக்கும். சந்தை நிறைந்து தேங்கும்போது அடுத்த நாடு திறக்கப்படும். 1990களில் வருமானத்தில் பெரும்பகுதி அமெரிக்காவுக்கு வெளியிலிருந்து வந்தது. 1994இல் அமெரிக்க நாடாளுமன்றம் நிறைவேற்றிய ஊட்டப்பொருள் சட்டம், முன் அனுமதியின்றி இவற்றை விற்கவும் உடற்செயல் பற்றிய பொதுவான உரிமைகோரல்களை அச்சிடவும் வழிவிட்டது. அதே ஆண்டு ஹியூஸ் ஹெர்பலைஃப் குடும்ப அறக்கட்டளையை நிறுவினார். எஃபெட்ரா என்னும் மாஹுவாங் மூலிகை சேர்ந்த தெர்மோஜெட்டிக்ஸ் மாத்திரைகள் அக்காலத்தில் பெரிதும் விற்றன. இதயக் கோளாறு பற்றிய அச்சத்தால் 2002இல் அவை நிறுத்தப்பட்டன.

இறுதிக்காலம்

நான்கு முறை மணந்த ஹியூஸுக்கு ஒரு மகன். பெவர்லி ஹில்ஸில் மாளிகையும், தொலைக்காட்சித் தயாரிப்பாளர் மெர்வ் கிரிஃபினிடமிருந்து வாங்கிய 157 ஏக்கர் மலையுச்சியும் அவர் சொத்துகளில் அடங்கும். 1999இல் பங்கு ஒன்றுக்கு 17 டாலர் தந்து நிறுவனத்தை மீண்டும் தம் தனியுடைமை ஆக்க முயன்றார். கடன் திரட்ட இயலாமல் 2000 ஏப்ரலில் அம்முயற்சி கைவிடப்பட்டது. அதே மாதம்தான் கடைவழி விற்ற ஸ்லிம்ஃபாஸ்டை யூனிலீவர் 230 கோடி டாலருக்கு வாங்க ஒப்புக்கொண்டது. 2000 மே 21 அன்று மாலிபு கடற்கரை வீட்டில் ஹியூஸ் இறந்துகிடந்தார். அளவு மீறிய மதுவும் டாக்செபின் என்ற மனச்சோர்வு மருந்தும் சேர்ந்ததால் நேர்ந்த விபத்து என்று மரண விசாரணை அதிகாரி முடிவுசெய்தார்.

மகனுக்காக அறக்கட்டளையில் வைத்த சொத்து பல்லாண்டு வழக்குகளில் சிக்கியது. மலையுச்சி நிலம் கைமாறி, 2018இல் 100 கோடி டாலர் விலை சொல்லப்பட்டு, 2019இல் கடனுக்காக ஏலம் போனபோது ஹியூஸின் சொத்து நிர்வாகமே அதை 1,00,000 டாலருக்கு எடுத்தது.

நிறுவனம் 2002இல் 68.5 கோடி டாலருக்கு முதலீட்டு நிறுவனங்களிடம் விற்கப்பட்டு, 2004இல் நியூயார்க் பங்குச் சந்தைக்கு வந்தது. 2012இல் முதலீட்டாளர் பில் ஆக்மன் இது பிரமிட் திட்டமே என்று குற்றஞ்சாட்டி, பங்கு வீழும் என்று 100 கோடி டாலர் பந்தயம் கட்டினார். மற்றொரு முதலீட்டாளரான கார்ல் ஐகான் எதிர்ப்பக்கம் நின்றார். ஆக்மன் 2018இல் விலகினார். கூட்டாட்சி வணிக ஆணையத்தோடு 2016இல் செய்த உடன்பாட்டின்படி நிறுவனம் 20 கோடி டாலர் கட்டியது. அதிலிருந்து ஏறத்தாழ 3,50,000 பேருக்குப் பணம் திரும்பியது. இந்தியாவில் ஹெர்பலைஃப் 1999 முதல் பெங்களூரைத் தலைமையிடமாகக் கொண்டு இயங்குகிறது. தமிழ்நாட்டு நகரங்களிலும் நியூட்ரிஷன் கிளப் என்ற பெயரில் காலைநேர ஷேக் விற்பனை நடைபெறுகிறது.