பத்து நாள் ஒப்பந்தமும் நிரந்தர வேலையும்

அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்தில் இரண்டு விதமான ஆட்டக்காரர்கள் உண்டு. ஒரே அணியில் நிலைத்து அந்த ஊரின் அடையாளமாகவே ஆகிவிடுபவர்கள் சிலர். ஓர் அணியில் யாராவது காயப்பட்டால் அழைக்கப்பட்டு, அவர் தேறியதும் விடுவிக்கப்பட்டு, அடுத்த ஊரின் அழைப்புக்காகக் காத்திருப்பவர்கள் பலர். இந்த இரண்டாம் வகையினருக்கு என்.பி.ஏ. விதிகளிலேயே ஓர் ஏற்பாடு இருக்கிறது. அதுதான் பத்து நாள் ஒப்பந்தம். ஓர் அணி ஒரு பருவத்தில் ஒரு வீரரை இவ்வாறு இருமுறை எடுத்துக்கொள்ளலாம். அதற்குப் பிறகும் வேண்டுமென்றால் பருவம் முடியும்வரை ஒப்பந்தம் போட வேண்டும். இல்லாவிட்டால் அனுப்பிவிட வேண்டும். இருபது நாட்களுக்குள் தன் தகுதியைக் காட்டியாக வேண்டிய வேலை இது.

இவர்கள் காத்திருந்த இடம் பெரும்பாலும் சி.பி.ஏ. எனப்பட்ட கான்டினென்டல் கூடைப்பந்துச் சங்கத்தின் அணிகள். 1946இல் பென்சில்வேனியா வட்டாரத்துச் சிறு நகரங்களில் தொடங்கிய ஒரு லீக், 1978இல் இந்தப் பெயரைப் பெற்றது. புள்ளி போடும் முறை இங்கே வேறாக இருந்தது. ஆட்டத்தை வென்றால் மூன்று புள்ளி, வென்ற ஒவ்வொரு கால்பகுதிக்கும் ஒரு புள்ளி, ஆக ஓர் ஆட்டத்துக்கு ஏழு புள்ளிகள். தோற்கும் அணியும் கடைசிக் கால்பகுதியில் முழு மூச்சாக ஆடுவதற்கு இது காரணமாயிற்று. சம்பளம் குறைவு, பயணம் அதிகம், அரங்குகள் சிறியவை. ஆட்டக்காரர்களுக்கு மட்டுமின்றிப் பயிற்சியாளர்களுக்கும் இதுவே பள்ளிக்கூடமாக இருந்தது. பின்னாளில் சிகாகோ புல்ஸ் அணிக்கு ஆறு பட்டங்கள் பெற்றுத் தந்த பில் ஜாக்சன், 1980களில் சி.பி.ஏ.வின் ஆல்பனி பேட்ரூன்ஸ் அணியை நடத்திவிட்டுத்தான் சிகாகோவுக்கு உதவிப் பயிற்சியாளராகப் போனார். 2009இல் சி.பி.ஏ. மூடப்பட்டது. அதன் வேலையை என்.பி.ஏ. 2001இல் தானே தொடங்கிய டி லீக் ஏற்றுக்கொண்டது. இன்று அதன் பெயர் ஜி லீக்.

இந்த வழியில் நடந்து, கடைசியில் இந்தியாவுக்கும் வந்து சேர்ந்தவர் கென்னி நாட். லூசியானா மாநிலத்தின் மன்ரோ நகரில் 1958இல் பிறந்தவர். அண்ணன் கால்வின் நாட் என்.பி.ஏ.வில் நிலைத்த ஆட்டக்காரர். 1985இல் ஆல் ஸ்டார் ஆட்டத்துக்குத் தேர்வானவர். தம்பிக்கு அந்த இடம் வாய்க்கவில்லை. 1980இல் இண்டியானா பேசர்ஸ் அவரை இரண்டாம் சுற்றில் எடுத்தது. ஒரு பருவம் கழிந்ததும் என்.பி.ஏ.வில் இடமில்லை. பிறகு சி.பி.ஏ. அணிகள், இடையிடையே யூட்டா ஜாஸிலும் கன்சாஸ் சிட்டி கிங்ஸிலும் குறுகிய வாய்ப்புகள். ஆட்டக்காரராக அவர் விட்டுச்சென்ற எண்கள் மிகச் சிறியவை.

அப்படிப்பட்ட ஒருவரை ஓர் அணி பயிற்சியாளராக ஏன் தேடுகிறது என்பதற்குக் காரணம் உண்டு. இயல்பான திறமை நிரம்பியவர் ஓர் அசைவை ஏன் செய்தோம் என்று விளக்க வேண்டிய தேவையே இல்லாமல் ஆடி முடித்துவிடுகிறார். பெஞ்சில் உட்கார்ந்திருந்தவருக்கு அப்படியல்ல. ஐந்து நிமிடம் களமிறங்கினாலும் எல்லா ஆட்ட அமைப்புகளும், எல்லா இடங்களின் பொறுப்பும் அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். அணி மாறும்போதெல்லாம் புதிய பயிற்சியாளரின் முறையைச் சில நாட்களில் கற்றாக வேண்டும். பத்துப் பயிற்சியாளர்களிடம் வேலை பார்த்தவர் பத்து முறைகளை அறிந்தவராக வெளியே வருகிறார்.

உதவிப் பயிற்சியாளர் என்ற பதவியே பழையதல்ல. என்.பி.ஏ.வின் ஆரம்ப ஆண்டுகளில் தலைமைப் பயிற்சியாளர் தனியாகவே அணியை நடத்தினார். பின்னர் ஒருவர், இருவர் என்று கூடி, இன்று பெஞ்சின் முன்வரிசையும் பின்வரிசையும் நிரம்பும் அளவுக்கு ஆட்கள் இருக்கிறார்கள். எதிரணியின் ஆட்டங்களை வீடியோவில் பார்த்துக் குறிப்பெடுப்பது, அந்தக் குறிப்பை ஆட்டக்காரருக்குப் புரியும்படி சுருக்கிச் சொல்வது, பயிற்சிக்கு முன்பும் பின்பும் ஒவ்வொரு வீரரையும் தனியாக வைத்துப் பந்தெறியவும் காலடி வைக்கவும் பழக்குவது ஆகியவை இவர்கள் வேலை. வெற்றி வந்தால் பெயர் தலைவருக்குப் போகும். தலைவர் நீக்கப்பட்டால் இவர்களும் பெரும்பாலும் கூடவே போக வேண்டியிருக்கும்.

1990களின் நடுவில் நாட், ஜெர்ரி ஸ்லோனின் கீழ் யூட்டா ஜாஸில் உதவிப் பயிற்சியாளரானார். ஜான் ஸ்டாக்டனும் கார்ல் மலோனும் ஆடிய அந்த அணி 1997, 1998 இரு ஆண்டுகளும் இறுதிப் போட்டிக்குச் சென்று, இரண்டிலும் சிகாகோவிடம் 4-2 என்று தோற்றது. 2004இல் அவர் கிளீவ்லேண்ட் சென்றார். லெப்ரான் ஜேம்ஸின் அந்த அணி 2007 இறுதிப் போட்டியில் சான் ஆன்டோனியோவிடம் நான்கு ஆட்டங்களிலும் தோற்றது. பிறகு சாக்ரமென்டோ. 2008 டிசம்பரில் அங்கே தலைமைப் பயிற்சியாளர் ரெஜி தீயஸ் நீக்கப்பட்டபோது, பொறுப்பு நாட் கைக்கு வந்தது. 11 வெற்றி, 47 தோல்வி. லீக்கிலேயே கடைசி இடம். பருவம் முடிந்ததும் அவரையும் அனுப்பிவிட்டார்கள். சிதைந்துபோன ஓர் அணியை நடுவழியில் ஏற்றவரை அந்த எண்களை மட்டும் வைத்து அளப்பது நியாயமல்ல.

இந்தியாவில் கூடைப்பந்து ஆட்டக்காரரின் வாழ்க்கை வேறு பாதையில் அமைந்தது. 1891 டிசம்பரில் மாசசூசெட்ஸ் மாநிலத்து ஸ்பிரிங்ஃபீல்டின் ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில் ஜேம்ஸ் நெய்ஸ்மித் உருவாக்கிய ஆட்டம், அதே ஒய்.எம்.சி.ஏ. வழியாகவே தமிழகத்தில் வேர்விட்டது. ஸ்பிரிங்ஃபீல்டில் படித்த ஹாரி குரோ பக் 1920இல் சென்னையில் நிறுவிய உடற்கல்விக் கல்லூரி, தென்னாட்டுப் பள்ளிகளுக்கு உடற்பயிற்சி ஆசிரியர்களை அனுப்பியது. பள்ளி மைதானங்களில் இந்த ஆட்டத்தைப் பரப்பியதில் அந்த ஆசிரியர்களுக்குப் பெரும் பங்குண்டு. ஆண்களுக்கான தேசியப் போட்டி 1934இல் டெல்லியில் தொடங்கியது. இந்தியக் கூடைப்பந்துச் சம்மேளனம் 1950இல் அமைந்தது.

ஆட்டம் பரவியதே தவிர, அதை வைத்துப் பிழைக்க ஒரு லீக் இல்லை. அந்த இடத்தை அரசு அலுவலகங்கள் நிரப்பின. ரயில்வே, ராணுவம், காவல்துறை, வங்கிகள், பொதுத்துறை நிறுவனங்கள் ஆகியவை விளையாட்டு ஒதுக்கீட்டில் ஆட்களை எடுத்துத் தங்கள் அணிகளை அமைத்தன. சென்னையில் இந்தியன் ஓவர்சீஸ் வங்கி, ஐ.சி.எஃப்., தெற்கு ரயில்வே என்று வலுவான அணிகள் எழுந்தன. மூன்றாண்டு ஒப்பந்தமோ பத்து நாள் ஒப்பந்தமோ இங்கில்லை. ஓய்வு வயதுவரை வேலை, அதற்குப் பிறகு பணிக்கொடை. கால் முட்டி தேய்ந்தபின் ஆட்டக்காரர் மேசைக்குத் திரும்புவார். எளிய குடும்பங்களிலிருந்து வந்த பிள்ளைகளுக்கு இந்த ஏற்பாடு அளித்த பாதுகாப்பைக் குறைத்து மதிப்பிடக் கூடாது.

இதில் ரயில்வேக்குத் தனி இடமுண்டு. அதன் விளையாட்டு அமைப்பு 1928இலேயே தொடங்கியது. மண்டலங்கள் தங்களுக்குள் மோதிக்கொள்ளும். அதிலிருந்து தேர்வாகும் இந்திய ரயில்வே அணி தேசியப் போட்டியில் ஒரு மாநிலம்போல இறங்கும். எடுத்துக்காட்டாக, சித்தூர், திருப்பதிப் பகுதியில் ரயில்வேயால் வளர்ந்த ஊர் பாகாலா. காட்பாடியிலிருந்து வரும் பாதை அங்கேதான் திருப்பதிக்கும் தர்மாவரத்துக்கும் பிரிகிறது. இப்படிப்பட்ட சந்திப்பு ஊரில் விளையாட்டில் தேறிய ஓர் இளைஞருக்கு ரயில்வே வேலைதான் கண்ணெதிரே தெரிந்த வழி. அவர் எந்த மண்டலத்துக்கு ஆடுவார் என்பதை நிர்வாக எல்லைகள் தீர்மானித்தன. பாகாலா அடங்கிய குண்டக்கல் கோட்டம் 1977 அக்டோபர் 2 அன்று தெற்கு ரயில்வேயிலிருந்து தென்மத்திய ரயில்வேக்கு மாற்றப்பட்டது. அன்று அந்தக் கோட்டத்து ஊழியருக்குத் தலைமையகம் சென்னையிலிருந்து செகந்தராபாத்துக்கு மாறியது.

பெண்களுக்கு ரயில்வே அளித்த வாய்ப்பு இன்னும் பெரியது. கேரளத்தில் பிறந்து தெற்கு ரயில்வேயில் பணிபுரிந்த கீத்து அன்னா ஜோஸ், 2006 முதல் சில பருவங்கள் ஆஸ்திரேலியாவின் ரிங்வுட் அணிக்கு ஆடினார். 2011இல் அமெரிக்கப் பெண்கள் லீக்கான டபிள்யூ.என்.பி.ஏ.வின் மூன்று அணிகளில் தேர்வுக்குச் சென்றார். ஒப்பந்தம் கிடைக்கவில்லை, ஆனால் ஊர் ஊராகப் போய் இடம் தேடும் அமெரிக்க வழியை முயன்று பார்த்த இந்திய ஆட்டக்காரர்களில் அவர் முன்னோடி. பல ஆண்டுகள் இந்திய அணிக்கு ஆடித் தலைமையும் ஏற்ற சென்னையின் அனிதா பால்துரையும் தெற்கு ரயில்வே ஊழியரே. 2021இல் அவருக்குப் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது.

பயிற்சியாளர் உருவாவதிலும் இரு நாடுகளுக்கும் வேறுபாடு இருந்தது. இங்கே 1961இல் பாட்டியாலாவில் தொடங்கிய தேசிய விளையாட்டு நிறுவனத்தின் பட்டயமே பயிற்சியாளர் வேலைக்கு அடையாளச் சீட்டாயிற்று. ‘என்.ஐ.எஸ். முடித்தவர்’ என்றால் ஊரில் மரியாதை. அணியுடன் ஆண்டு முழுவதும் பயணம் செய்யும் உதவிப் பயிற்சியாளர் என்ற தொழில் மட்டும் வளரவில்லை. தேசிய அணி, போட்டிக்கு முன் சில வாரங்கள் முகாமில் கூடும். முடிந்ததும் வீரர்கள் அவரவர் துறைக்குத் திரும்புவார்கள். முகாம் கலைந்தால் உதவியாளரின் வேலையும் கலைந்துவிடும்.

2010இல் சம்மேளனமும் விளையாட்டு வணிக நிறுவனமான ஐ.எம்.ஜி. ரிலையன்ஸும் முப்பது ஆண்டு ஒப்பந்தம் செய்துகொண்டபின் இந்த இரு உலகங்களும் சந்தித்தன. 2011இல் ஆண்கள் அணிக்குக் கென்னி நாட் வந்தார். பெண்கள் அணிக்குப் பீட் காடெட். இவர் டியூக் பல்கலைக்கழகத்தில் மைக் ஷிஷெவ்ஸ்கியின் உதவியாளராக நெடுங்காலம் இருந்தவர். 1995இல் தலைவர் உடல்நலம் குன்றியபோது அணியை நடத்தியவர். உடற்திறன் பயிற்சிக்கு ஸாக் பென்வெல் வந்தார். அந்த ஆண்டு சீனாவின் வூஹானில் நடந்த ஆசியப் போட்டிக்கு நாட் அணியை அழைத்துச் சென்றார். 2012இல் அவருக்குப் பின் வந்த ஸ்காட் ஃப்ளெமிங்கும் டி லீக்கின் டெக்சாஸ் லெஜன்ட்ஸில் உதவிப் பயிற்சியாளராக இருந்தவரே. இந்த மூன்று பயிற்சியாளர்களும் பெஞ்சின் இரண்டாம் இருக்கையில் பழகியவர்கள் என்பது தற்செயல் அல்ல. தனித்தனி வீரரைப் பழக்கி முன்னேற்றுவதுதான் இங்கே குறைவாக இருந்தது. அவர்கள் அறிந்த தொழிலும் அதுதான். 2014 ஜூலையில், அதே வூஹானில், ஆசியக் கோப்பைப் போட்டியில் ஃப்ளெமிங்கின் அணி சீனாவை 65-58 என வென்றது. சீனாவை அதன் மண்ணிலேயே வீழ்த்திய அந்த ஆட்டம் இந்தியக் கூடைப்பந்தின் மிகப் பெரிய வெற்றிகளில் ஒன்று.

அதன்பின் சில வீரர்கள் வெளியே போனார்கள். 2015இல் டல்லாஸ் மாவரிக்ஸ் 52ஆவது தேர்வாகச் சத்னம் சிங்கை எடுத்தது. அவர் டெக்சாஸ் லெஜன்ட்ஸில் ஆடினார். 2017இல் அம்ரித்பால் சிங் சிட்னி கிங்ஸுக்கும், அம்ஜ்யோத் சிங் ஓக்லஹோமா சிட்டி ப்ளூவுக்கும் சென்றார்கள். உள்நாட்டில் 2015 முதல் 2017 வரை யு.பி.ஏ. என்ற லீக், சென்னை ஸ்லாம் உள்ளிட்ட அணிகளுடன் நடந்து நின்றுபோனது. 2022இல் சம்மேளனத்தின் ஆதரவுடன் ஐ.என்.பி.எல். தொடங்கியது, சென்னை ஹீட் அதன் அணிகளுள் ஒன்று. 2017இல் டெல்லி அருகே கிரேட்டர் நொய்டாவில் என்.பி.ஏ. திறந்த பயிற்சிக் கழகத்துக்கு ஃப்ளெமிங் தொழில்நுட்ப இயக்குநராகத் திரும்பி வந்தார். ஆண்டு முழுவதும் வீரர்களுடன் இருந்து பயிற்றுவிக்கும் வேலை இந்திய மண்ணில் அப்படித்தான் ஊதியத்துடன் ஓர் இடம் பிடித்தது.