கொம்புப்பல்லும் புறம்போக்கும்

'அற்றுப்போனது', 'புறம்போக்கு'. முதல் சொல் விலங்கியலுடையது, இரண்டாவது வருவாய்த்துறையுடையது. இரண்டையும் எழுதிவைப்பவர் ஒருவர், அவற்றோடு வாழ்பவர் வேறொருவர். ஒரு மீனின் வரலாற்றை இந்தக் கோணத்தில் வாசித்துப் பார்க்கலாம்.

1830களில் லூயி அகாசி, பாறையில் கிடைத்த விசிறி வடிவப் பற்களை வைத்து 'செரடோடஸ்' என்றொரு பேரினத்தை வகுத்தார். கொம்புப்பல் என்று பொருள். உடம்பு கிடையாது, பல் மட்டுமே சாட்சி. அதே மாதிரிப் பற்கள் நாகபுரிக்குத் தெற்கே, கோதாவரிப் படுகையின் மலேரியிலும் கிடைத்தன. இருபது கோடி ஆண்டுகளுக்கும் முந்தியவை. இந்திய நிலவியல் ஆய்வுத்துறையின் தாமஸ் ஓல்ட்ஹாம் 1859இல் அவற்றுக்குப் பெயர் சூட்டினார்: ஹிஸ்லோபியானஸ், ஹன்டெரியானஸ், விராபா. முதலிரண்டும் நாகபுரி மிஷனரிகளான ஹிஸ்லாப், ஹன்டர் பெயர்கள். லத்தீன் விகுதியோடு மரியாதையாக நிற்கின்றன. மூன்றாவது நம் காதில் வீரப்பா என்றே விழுகிறது. அதற்கு விகுதி கூட ஒட்டவில்லை.

1870இல் சிட்னியில் ஜெரார்ட் கிரெஃப்ட் ஒரு மீனைப் பார்த்துத் திகைத்தார். குயின்ஸ்லாந்து ஆறுகளில் வாழும் நுரையீரல் மீன் அது, சதைத்துடுப்பு கொண்டது. அதன் பல் கல்லில் கண்ட அதே பல். செத்துப்போன இனம் உயிரோடிருக்கிறது என்று உலகம் வியந்தது. சரி, யாருக்கு அது செத்திருந்தது? அந்த ஆற்றங்கரைப் பழங்குடிகளுக்கு அது தினம் பார்க்கிற மீன். குடியேறிய வெள்ளையர்கள் கூட 'பர்னெட் சால்மன்' என்று சொல்லிச் சமைத்துத் தின்றார்கள். தெரியாமலிருந்தது ஏட்டுக்குத்தான். கிரெஃப்ட் வைத்த பெயர் செரடோடஸ் ஃபார்ஸ்டெரி. வில்லியம் ஃபார்ஸ்டர் அரசியல்வாதி. பழங்குடி நிலத்தை மேய்ச்சலுக்கு வளைத்துப்போட்ட 'ஸ்குவாட்டர்'களில் ஒருவர். நிலத்தை எடுத்தவர்களின் வரிசையில் நின்றவரே மீனுக்கும் பெயரானார்.

உயிருள்ள மீனுக்குப் பிற்பாடு நியோசெரடோடஸ் என்று தனிப் பேரினம் வகுக்கப்பட்டது. செரடோடஸ் அற்றுப்போன பேரினமாகவே இன்றும் இருக்கிறது. அதில் தகராறில்லை. கரையில் இருந்தவர்களின் அறிவு எந்த ஏட்டில் ஏறியது என்பதே நம் கேள்வி.

இந்தக் கேள்வியோடு கும்மிடிப்பூண்டிப் பக்கம் தேர்வாய் கண்டிகைக்கு வருவோம். தலித் மக்கள் பெரும்பான்மையாக வாழும் ஊர். ஆடுமாடு மேய்ந்த, விறகு பொறுக்கிய சுமார் 1,100 ஏக்கர், அரசுக் கணக்கில் 'மேய்க்கால் புறம்போக்கு'. அந்தச் சொல்லின் முன்பாதி உழைப்பைச் சொல்கிறது. அதிகாரம் பின்பாதியை மட்டும் வாசித்துக் காலி நிலம் என்று முடிவுகட்டியது. நிலம் சிப்காட்டுக்குப் போனது. 2009இல் மிஷ்லின் டயர் நிறுவனத்தோடு அரசு ஒப்பந்தம் போட்டது. மக்கள் எதிர்த்துப் போராடினார்கள், வழக்காடினார்கள். தொழிற்சாலை வந்துவிட்டது.

அங்கே மேய்த்தவர்களுக்கு அந்த நிலத்தின் ஒவ்வொரு மூலைக்கும் ஒரு பெயர் இருந்திருக்கும். அதை யாரும் கேட்டு எழுதவில்லை. மலேரிப் பாறையில் பல்லாவது மிஞ்சியது. மேய்ச்சல் புதைபடிவம் விடாது. பெயர்கள் அந்தக் கிழவர்கள் வாயில் இருக்கும்போதே எழுதிக்கொள்ள வேண்டியது நம் வேலை.