பேசும் படமும் கேட்கும் செவியும்

இந்தியத் திரைப்படம் முதன்முதல் வாய்திறந்து பேசியது நாம் குடியேறி வாழும் இந்நகரிலேதான். அன்று இது பம்பாய். 1931ஆம் ஆண்டு மார்ச்சு 14ஆம் நாள் மெஜஸ்டிக் அரங்கில் ‘ஆலம் ஆரா’ வெளிவந்தது. அதனைத் தயாரித்த இம்பீரியல் நிறுவனத்தாரே ‘காளிதாஸ்’ படத்தையும் இங்கு எடுத்தனர். அவ்வாண்டு அக்டோபர் 31ஆம் நாள் அது சென்னையில் வெளியாயிற்று. டி. பி. ராஜலட்சுமி தமிழில் வினவ, உடன் நடித்தோர் தெலுங்கில் விடையிறுத்த விந்தையைத் தமிழர் முதல் பேசும்படமென்று ஏற்றுக்கொண்டனர்! சென்னையில் ஏ. நாராயணன் 1934இல் ஒலிப்பதிவு வசதியுள்ள படநிலையம் அமைக்கும்வரை, தமிழ்ப்பட முதலாளிகள் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் ரயிலேற வேண்டியிருந்தது.

இம்பீரியல் படநிலையத்தின் அருகே இருப்புப்பாதை. சில நிமிடங்களுக்கொரு வண்டி. ஆகவே ‘ஆலம் ஆரா’வைப் பெரும்பாலும் இரவு 1 மணிக்கும் 4 மணிக்கும் இடையே, வண்டிகள் ஓய்ந்த வேளையில் எடுத்தனர். ஒலிவாங்கிகளைக் காமிராவின் கண்ணில் படாதவாறு நடிகரைச் சுற்றி ஒளித்துவைத்தனர். படமும் ஒலியும் ஒரே பிலிமில் ஒருங்கே பதிந்தன. ஒரு சொல் குளறினால் அதை மட்டும் பின்னர்த் திருத்த இயலாது. அக்காலத் தமிழ் நடிகருட் பலர், ஒலிபெருக்கியின்றிக் கடைசி வரிசைக்கும் குரலை எட்டவைத்த நாடகமேடைப் பயிற்சியினர். கரகரத்த பதிவிலும் அவர்தம் சொல் துலங்கியது.

பின்னர் ஒலியைத் தனியே பதியும் முறை வந்தது, கருவிகள் பெருகின. எனினும், இன்று என் இல்லத்தில் அன்னையார், “என்ன சொன்னான்?” என்று அடிக்கடி வினவுகிறார். பேரப்பிள்ளைகள் திரையின் அடியில் ஓடும் ஆங்கில எழுத்தைப் படித்து அவருக்குப் பொருள் கூறுகின்றனர். தமிழ் வீட்டில் தமிழ் வசனத்துக்கு ஆங்கிலம் துபாஷி!

குறையை அன்னையாரின் செவிமேல் மட்டும் சுமத்துதல் நியாயமன்று. திரையரங்கில் வசனம் பெரும்பாலும் திரையின் பின்னுள்ள நடு ஒலிபெருக்கியிலிருந்து வருகிறது. இசையும் ஆரவாரமும் பக்கங்களிலிருந்து வருகின்றன. வீட்டுத் தொலைக்காட்சியிலோ யாவும் இரண்டு சிறு ஒலிபெருக்கிகளில் நெருக்குண்கின்றன. அவையும் பெரும்பாலும் கீழ்நோக்கியோ சுவரை நோக்கியோ இருப்பதால் சொல்லின் கூர்மை மழுங்குகிறது. மேலும், முணுமுணுப்புக்கும் இடிமுழக்கத்துக்கும் இடையே அரங்கிற்கென வகுத்த ஏற்றத்தாழ்வு சிறு கூடத்திற்கு ஒவ்வாது.

ஒலியமைப்பில் வசனத் தெளிவுக்கும் இரவு நேரத்துக்கும் உரிய தெரிவுகள் பல கருவிகளில் உள்ளன. முன்னது குரலை உயர்த்தும். பின்னது அவ்வேற்றத்தாழ்வைச் சுருக்கும். நடு ஒலிபெருக்கி தனியே உடைய கருவியாயின் அதனை மட்டும் சற்றுக் கூட்டலாம். கனத்த திரைச்சீலையும் சமுக்காளமும் எதிரொலியை அடக்கும்.

இவற்றைச் செய்தபின் அன்னையாரின் வினாக்கள் குறைந்தன. எங்கள் காலனியும் இருப்புப்பாதை ஓரத்ததே; மின்சார ரயில் கடக்கும்போது மட்டும் படத்தை நிறுத்திவைக்கிறோம்.