அத்தாப்பிலிருந்து அடுக்குமாடிக்கு

1961 மே 25, ஹஜ்ஜுப் பெருநாள். சிங்கப்பூரின் புக்கிட் ஹோ ஸ்வீ கம்பத்தில் (குடிசைக் குடியிருப்பில்) பிற்பகலில் நெருப்பு பற்றியது. பலகைச் சுவரும் அத்தாப்பு ஓலைக் கூரையுமாக ஒன்றையொன்று ஒட்டி நின்ற வீடுகள். காற்றும் பலமாக வீசியது. இரவுக்குள் 2,800 வீடுகள் சாம்பலாயின. நான்கு பேர் மாண்டனர். ஏறத்தாழ 16,000 பேருக்கு வீடில்லை. பள்ளிக்கூடங்களில் தஞ்சம் புகுந்தார்கள்.

அவர்களுக்கு வீடு கட்டித்தர வேண்டிய அரசு அமைப்பான வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்துக்கு அப்போது ஒன்றேகால் வயது. அதன் முதல் தலைவர் லிம் கிம் சான் கட்டடக் கலைஞரல்லர். சவ்வரிசித் தொழிலில் பணம் சம்பாதித்த வணிகர். கழகத்துக்கு முன்பிருந்த காலனிய அமைப்பு 32 ஆண்டுகளில் கட்டியவை சுமார் 23,000 வீடுகள். கழகமோ முதல் ஐந்தே ஆண்டுகளில் 54,000-ஐத் தாண்டிவிட்டது.

எப்படி? அழகுக்கு அப்போது இடமில்லை. ஒரே வரைபடம், ஒரே அளவு, வரிசை வரிசையாகப் புளோக்குகள். தீயில் வீடிழந்தவர்களுக்காக எழுந்த ஓரறை வீடுகளின் மாத வாடகை 20 வெள்ளி (டாலர்). குடும்பம் முழுவதும் அந்த ஓர் அறைக்குள்தான். ஆனால் குழாயைத் திறந்தால் தண்ணீர் வந்தது, விசையைத் தட்டினால் விளக்கு எரிந்தது.

கம்பத்து மக்கள் அதுவரை அடுக்குமாடியைச் சந்தேகத்தோடுதான் பார்த்தார்கள். மாடியில் கோழி, பன்றி வளர்க்க முடியாது. வாசலில் கைத்தொழில் செய்ய முடியாது. கம்பத்து வாடகையைவிட அடுக்குமாடி வாடகை கூடுதல். இடம்பெயரச் சொல்லி வந்த அதிகாரிகளோடு பல இடங்களில் மல்லுக்கு நின்றவர்கள் அவர்கள். அதிகாரிகளால் காலி செய்ய முடியாததைத் தீ ஒரே நாளில் காலி செய்தது. அரசு விரும்பிய மாற்றத்துக்கு வழி பிறந்தது, மக்கள் விரும்பியதால் அல்ல. அவர்கள் திரும்பிப்போக வீடில்லாததால்.

அடுத்த திருப்பம் 1964-இல் வந்தது. வாடகைக்குக் குடியிருந்தவர்களை வீட்டுக்காரர்களாக்கும் திட்டம் குவீன்ஸ்டவுனில் தொடங்கியது. ஈரறை வீடு 4,900 வெள்ளி, மூவறை வீடு 6,200 வெள்ளி. கூலித் தொழிலாளிக்கு முன்பணம் புரட்டுவதே பெரும்பாடு. 1968-இல், தொழிலாளர்களின் ஓய்வுக்காலச் சேமிப்பான மத்திய சேமநிதிப் பணத்தை எடுத்து வீடு வாங்கலாம் என்று அரசு அனுமதித்ததும் விண்ணப்பங்கள் குவிந்தன. இன்று சிங்கப்பூரில் வசிக்கும் குடிமக்களிலும் நிரந்தரவாசிகளிலும் பத்தில் ஏறத்தாழ எட்டுப் பேர் கழக வீடுகளில்தான் இருக்கிறார்கள்.

ஆனால் விற்றது வீட்டை மட்டும்தான், நிலத்தை அல்ல. உரிமை என்பது 99 ஆண்டுக் குத்தகை. 1960-களில் விற்ற வீடுகளுக்கு அதில் பாதிக்கு மேல் கழிந்துவிட்டது.